தின்பவர்களும் தீனி போடுபவர்களும்

கல்யாணப் பந்தியில் பெருந்தீனிக்காரர் யார் என்பது அவர் உட்காரும் இடத்திலேயே தெரிந்துவிடும். வாளி எந்த வாசல் வழியாக வருகிறதோ, அதற்கு நேர் எதிரே இருக்கிற இலையைப் பிடிப்பார். உட்காரும்போதே வேட்டியைக் கொஞ்சம் தளர்த்திக்கொள்வார். முதல் சுற்றில் பொரியல், கூட்டு பக்கம் கை போகாது. காய் வயிற்றை அடைக்கும், சோற்றுக்கு இடம் இருக்காது என்பது அவர் கணக்கு. நான் பெங்களூர் ரிச்சர்ட்ஸ் டவுனில் இருந்துகொண்டு பாதி ஆயுளைக் கல்யாணச் சமையல் காண்ட்ராக்டில் கழித்தவன். ஒரு கிலோ அரிசிக்கு எட்டு இலை என்று கணக்குப் போட்டு விலை பேசியிருப்பேன். இப்படி நாலு பேர் ஒரே வரிசையில் உட்கார்ந்தால் அந்தக் கணக்கு கந்தலாகிவிடும். பரிமாறும் பையன்கள் அடுப்படிக்கு வந்து கண்ணைக் காட்டுவார்கள். ஆனாலும் அந்த ஆட்கள் மேல் எனக்குக் கோபம் வந்ததில்லை. சமைத்தவனுக்கு அதைவிட நல்ல பத்திரம் யார் எழுதித் தருவார்கள்?

அந்த நாளில் எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் பந்தயமும் உண்டு. மாப்பிள்ளை வீட்டார் ஒருவரை இறக்குவார்கள், பெண் வீட்டார் ஒருவரை. முழுச் சாப்பாடும் முடிந்து மோர் ஊற்றிய பிறகுதான் ஆட்டம் ஆரம்பம். ஜாங்கிரியோ லட்டோ, இத்தனை உருப்படி என்று பேசிக்கொள்வார்கள். நேரம் பேச மாட்டார்கள். தமிழ் மாமாக்கள் ஊர்க்கதை, ஆபீஸ் கதை எல்லாம் பேசிக்கொண்டே உள்ளே தள்ளுவார்கள். ரயில்வேயில் வேலை பார்த்த ஒரு பெரியவர் இதில் பேர் போனவர். "அவசரப்பட்டா வயிறு கோவிச்சுக்கும் தம்பி. அதுக்குத் தெரியாம அனுப்பணும்" என்பார். ஜெயித்தால் தட்டில் வெற்றிலை பாக்கும் ஐந்தோ பத்தோ ரூபாயும். அதை வைத்து யாரும் பிழைக்க முடியாது. தின்றே பிழைத்தவர்கள் எங்காவது இருந்தார்களா என்று தேட ஆரம்பித்தது தொழிலை மகனிடம் விட்ட பிறகுதான். அல்சூர் ஏரிக்கரைத் தமிழ்ச் சங்கத்தில் புத்தகம் புரட்ட அப்போதுதான் நேரம் வாய்த்தது.

முதலில் கிடைத்த ஆள் நம்மவர்தான். பத்துப்பாட்டில் உள்ள பொருநராற்றுப்படையைப் பாடியவர் முடத்தாமக்கண்ணியார். அதில் வருகிற பொருநன் கரிகால் வளவனின் அரண்மனையில் தங்கி, வெந்த இறைச்சியும் சுட்ட இறைச்சியுமாக இரவும் பகலும் தின்று, பல் மழுங்கிப் போனதாகச் சொல்கிறான். ஊருக்குப் போகிறேன் என்றதும் அரசனுக்கு முகம் வாடுகிறது. வெள்ளைக் குதிரை நான்கு பூட்டிய தேரைக் கொடுத்து வழியனுப்புகிறான். பொருநனின் தொழில் பாட்டும் பறையும்தான், சரி. ஆனால் அவன் சக பொருநனுக்கு விளம்பரம் செய்வது பாட்டைப் பற்றியா, சாப்பாட்டைப் பற்றியா என்று படித்தவர்களே சொல்லட்டும். ஒரு சமையல்காரனாக எனக்கு அதில் பிடித்தது அரசனின் நடத்தை. இன்னும் தின்னு, இன்னும் தின்னு என்று கூடவே நிற்கிறான். பந்தி விசாரிக்கத் தெரிந்த அரசன்.

அந்தப் பொருநனுக்குச் சரியான ஜோடி இங்கிலாந்தில், கென்ட் பகுதியில் இருந்தார். நிக்கலஸ் வுட் என்ற விவசாயி. தேம்ஸ் நதியில் படகோட்டிக் கவிஞராகவும் இருந்த ஜான் டெய்லர் 1630-ல் இவரைப் பற்றி ஒரு சிறு புத்தகமே போட்டார். ஆட்டிறைச்சியை எலும்போடு மென்று பற்களை இழந்தவர் வுட் என்பது டெய்லர் சொல்லும் சேதி. இரண்டு ஷில்லிங் செலவில் உன் வயிற்றை நிரப்புகிறேன் என்று ஒருவன் பந்தயம் கட்டி, ரொட்டியை மதுவில் ஊறவைத்துக் கொடுத்தானாம். வுட் பாதியில் தூங்கிவிட்டார். டெய்லர் அவரை லண்டனுக்குக் கூட்டிப்போய், காசு வாங்கிக்கொண்டு கூட்டத்தின் முன்னால் தின்ன வைக்கத் திட்டம் போட்டார். கடைசி நேரத்தில் வுட் மறுத்துவிட்டார். பல் போய்விட்டது, வயசும் ஆகிவிட்டது, அங்கே போய்த் தோற்றால் மானம் போகும் என்ற பயம். தொழில்முறைத் தின்பவர் என்ற பதவி ஒருவருக்கு வந்து, அவர் அதை வேண்டாம் என்று சொன்ன கதை இது.

வேண்டாம் என்று சொல்லாதவர்கள் மதுராவின் சௌபேக்கள். யமுனைக் கரைத் தீர்த்தப் புரோகிதர்கள். மல்யுத்தம், பாங்கு, லட்டு, பேடா நான்குக்கும் பேர் போனவர்கள். யாத்திரை வந்த யஜமானர் விருந்து வைத்து, வயிறு நிறைந்த பிறகும் இன்னொரு லட்டு தின்றால் இவ்வளவு தட்சிணை என்று ஏற்றிக்கொண்டே போவது அங்கே வழக்கம். ஓவன் லிஞ்ச் என்ற அமெரிக்க மானிடவியலாளர் அவர்களோடு பழகி ஆராய்ச்சிக் கட்டுரை எழுதியிருக்கிறார். அவர்கள் நிறைவாகத் தின்றால் யஜமானருக்குப் புண்ணியம். காசு கொடுப்பவருக்கும் ஆதாயம் இருக்கிறது என்பதைக் கவனியுங்கள்.

நம் பக்கத்தில் இது சாமி காரியமாக இருந்தது. வட ஆற்காட்டுப் பக்கம் திரௌபதி அம்மன் திருவிழாக்களில் பகாசுரன் வதம் என்று ஒரு நாள் உண்டு. பீமன் வேடம் கட்டியவர் மாட்டு வண்டியில் சோறு, பழம், பலகாரமெல்லாம் ஏற்றிக்கொண்டு தெருத் தெருவாகத் தின்றபடியே வருவார். வாரி இறைத்து ஊருக்கும் கொடுப்பார். அசுரனுக்குப் போக வேண்டிய சாப்பாட்டை அவன் கண்ணெதிரே தின்று தீர்ப்பது பீமனின் குறும்பு. திருவிளையாடலில் குண்டோதரன் வருகிறான். மீனாட்சி கல்யாணத்தில் சமைத்தது மலைபோல் மீந்துவிட்டது என்று பெண் வீட்டில் பெருமை பேச, சிவன் தன் பூதகணத்தில் ஒருவனைப் பந்திக்கு அனுப்பினார். மீந்தது எல்லாம் காலி, பசி மட்டும் அடங்கவில்லை. கடைசியில் அன்னக்குழி தோண்டி, வைகையைக் கூப்பிட வேண்டியதாயிற்று. காண்ட்ராக்டர்கள் யாரும் இரவில் படிக்கக் கூடாத படலம் அது.

எங்கள் பேட்டைக்கு வருகிறேன். 1898 பிளேக்குக்குப் பிறகு கண்டோன்மென்ட்டின் நெரிசலைக் குறைக்கப் புதிய பேட்டைகள் எழுந்தன. பிரேசர் டவுனை ஒட்டி எழுந்தது ரிச்சர்ட்ஸ் டவுன். பெயர் கொடுத்தவர் எஃப்.ஜே. ரிச்சர்ட்ஸ், இங்கே கலெக்டராக இருந்தவர். சேலம் மாவட்ட கெசட்டியரை எழுதியவரும் அவரே, 1918-ல் வெளிவந்தது. சேலம், தருமபுரி, ஆற்காட்டு ஜனங்கள் இங்கே நிறைய. அங்கே களி, இங்கே முத்தை, இரண்டும் கேழ்வரகுதான். நாக்குக்கு ஊர் மாறிய வருத்தமே இல்லை.

முத்தையை மெல்லக் கூடாது. கிள்ளி, உருட்டி, சாற்றில் தோய்த்து, விழுங்க வேண்டும். பல்லில் ஒட்டினால் புதுசு என்று கன்னடக்காரர்கள் சிரிப்பார்கள். மண்டியா, மைசூர்ப் பக்கத்தில் முத்தை தின்னும் போட்டி திருவிழா போல நடக்கும், நாட்டுக்கோழிச் சாறோடு. ஜெயிப்பவர்கள் பெரும்பாலும் வயலில் வேலை செய்கிறவர்கள். பார்த்தால் ஒட்டிய வயிறு. மைசூர் தசராவில் 2019-ல் பெண்களுக்கு இட்லிப் போட்டி வைத்தார்கள். அறுபது வயது அம்மா ஒருவர் ஒரு நிமிடத்தில் 6 இட்லி தின்று பரிசு வாங்கினார். அந்தச் செய்தியைப் படித்தபோது எண்ணிக்கை எனக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. ஒரு நிமிடம் என்பதுதான் உறுத்தியது. கடிகாரம் எங்கிருந்து வந்தது?

நியூயார்க்கின் கோனி தீவிலிருந்து வந்தது. நேதன்ஸ் என்ற ஹாட் டாக் கடை அங்கே 1916-ல் தொடங்கியது. அந்த வருடம் ஜூலை 4 அன்று நாலு குடியேறிகள் யார் அதிக தேசபக்தர் என்று சண்டை போட்டு, ஹாட் டாக் தின்று தீர்த்துக்கொண்டார்களாம். அதுதான் போட்டியின் தொடக்கமாம். கதை நன்றாக இருக்கிறது. மார்ட்டிமர் மாட்ஸ் என்ற விளம்பரக்காரர் 2010-ல் உண்மையைச் சொல்லிவிட்டார்: எழுபதுகளின் தொடக்கத்தில் தானும் கூட்டாளியும் சேர்ந்து கட்டிவிட்ட கதை அது. நம் ஊரில் ஸ்தல புராணம் எழுத ஆயிரம் வருடம் ஆகும். அவர்களுக்கு ஒரு பத்திரிகைக் குறிப்பு போதுமாக இருந்தது.

2001-ல் ஜப்பானிலிருந்து தகேரு கோபயாஷி வந்தார். மெலிந்த இளைஞர். அதுவரை சாதனை 12 நிமிடத்தில் இருபத்தைந்து சொச்சம். அவர் 50 தின்றார். எண்ணிக்கை காட்டும் அட்டைகள் தீர்ந்துபோய், காகிதத்தில் கையால் எழுதிக் காட்டினார்கள். சூட்சுமம் எளிது. தொத்திறைச்சியை இரண்டாக ஒடித்து ஒரு வாயில், ரொட்டியைத் தண்ணீரில் முக்கிப் பிழிந்து இன்னொரு வாயில், நடுவே உடம்பை ஒரு குலுக்கு. மண்டியாக்காரர் பார்த்தால் இதில் என்ன புதுமை என்று கேட்டிருப்பார். ஆறு வருடம் தொடர்ந்து ஜெயித்தார். 2007-ல் கலிபோர்னியாவின் ஜோயி செஸ்ட்நட் 66 தின்று அவரை வீழ்த்தினார். அடுத்த வருடம் நேரத்தைப் 10 நிமிடமாகக் குறைத்தார்கள். செஸ்ட்நட் 2021-ல் 76 தொட்டார்.

இங்கேதான் எனக்குக் கரிகாலன் ஞாபகம் வருகிறான். கோபயாஷி 2010-ல் போட்டி நடத்தும் அமைப்போடு பிரத்தியேக ஒப்பந்தம் போட மறுத்தார். போட்டியில் சேர்க்கவில்லை. வேடிக்கை பார்க்க வந்தவர் மேடை ஏறினார்; போலீஸ் விலங்கு மாட்டிக் கொண்டுபோனது. செஸ்ட்நட் 2024-ல் செடியிலிருந்து இறைச்சி போலச் செய்யும் இம்பாசிபிள் ஃபுட்ஸ் நிறுவனத்தோடு சேர்ந்தார். 16 முறை ஜெயித்தவருக்கு அந்த வருடம் மேடை இல்லை. அதே செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸ் இரண்டு பேரையும் எதிரெதிரே உட்காரவைத்தது: செஸ்ட்நட் 83, கோபயாஷி 66. மறுவருடம் செஸ்ட்நட்டை நேதன்ஸ் மேடைக்குத் திரும்பச் சேர்த்துக்கொண்டார்கள், பதினேழாவது பட்டமும் வாங்கினார். எவ்வளவு பெரிய வயிறாக இருந்தாலும் இலை போடுபவர் கையில்தான் பிழைப்பு. பொருநனைக் கரிகாலன் போக விட மனமில்லாமல் தேர் கொடுத்து அனுப்பினான். கம்பெனிக்காரன் அடுத்த கடையில் சாப்பிடாதே என்கிறான். விருந்து வைப்பவனுக்கு ஆள் வேண்டும். சரக்கு விற்பவனுக்கு டெலிவிஷனில் பத்து நிமிடம் வேண்டும்.

இந்தப் பிடியிலிருந்து தப்பித்த தின்பவர் எனக்குத் தெரிந்து ஒருவர்தான். 2009-ல் வந்த 'வெண்ணிலா கபடி குழு' படத்தில் பரோட்டா தின்பவராக வரும் நடிகர் சூரி. கடைக்காரர் கணக்கில் கோல்மால் செய்ய, கோடுகளையெல்லாம் அழிக்கச் சொல்லி மறுபடி முதலிலிருந்து தின்ன உட்காருகிறார். கடைக்காரர் ஓட்டம். தமிழ்நாட்டில் சாப்பிட்டு வாழ்க்கையில் முன்னுக்கு வந்தவர் என்றால் சூரிதான். அதுவும் படத்தில்.

வயிற்றுக்கு என்ன ஆகிறது என்பதை 2007-ல் பென்சில்வேனியா பல்கலைக்கழக மருத்துவர்கள் எக்ஸ்ரேயில் பார்த்தார்கள். சாதாரண மனிதர் ஒருவர் 7 ஹாட் டாக்கில் கையெடுத்தார். போட்டிக்காரர் பத்து நிமிடத்தில் 36 தின்றார். அவர் வயிறு சுருங்கி விரியும் வேலையைச் செய்யாமல், தொய்ந்த பை போல விரிந்துகொண்டே போனது. நிறைந்தது என்ற உணர்வே அவருக்கு வரவில்லை. பிற்காலத்தில் அந்த வயிறு பழைய நிலைக்குத் திரும்பாமல் போகலாம் என்று எச்சரித்தார்கள். கோபயாஷி 2024-ல் வந்த ஆவணப்படம் ஒன்றில், தனக்கு இப்போது பசியே தெரிவதில்லை என்று சொன்னார். மணிமேகலையில் வரும் காயசண்டிகைக்கு யானைத்தீ என்ற நோய். பன்னிரண்டு வருடம் எதைத் தின்றும் பசி அடங்கவில்லை. அமுதசுரபிச் சோறு அவளைக் காப்பாற்றியது. பசி போன மனிதனுக்கு எந்தப் பாத்திரத்திலிருந்து எடுத்துப் போடுவது என்று என் தொழிலில் சொல்லித்தரவில்லை.

சாவும் நடந்திருக்கிறது. ஜப்பானில் 2002-ல் டெலிவிஷன் போட்டியைப் பார்த்து ரொட்டியை வேகமாகத் தின்ற பள்ளி மாணவன் மூச்சடைத்து இறந்தான். நமக்குப் பக்கத்தில், வாளையாறில், 2024 ஓணத்தின்போது இட்லிப் போட்டியில் ஒருவருக்கு இட்லி தொண்டையில் அடைத்து உயிர் போனது. வாளையாறு கோயம்புத்தூரிலிருந்து கூப்பிடு தூரம்.

மன்றங்களிலிருந்தும் குடியிருப்போர் சங்கங்களிலிருந்தும் பொங்கலுக்கும் ராஜ்யோத்சவத்துக்கும் இன்னமும் எங்கள் வீட்டுக்கு ஆள் வருகிறார்கள். "அண்ணா, போட்டிக்கு இருநூறு இட்லி வேணும், கொஞ்சம் கெட்டியா" என்பார்கள். மகனிடம் சொல்லி வைத்திருக்கிறேன்: நிமிடக் கணக்கு வைக்கிற போட்டிக்கு இட்லி கிடையாது. எண்ணிக்கை மட்டும் வையுங்கள், உட்காரவைத்து இலை போடுங்கள், சாம்பாரைத் தாராளமாக ஊற்றுங்கள், தண்ணீரைப் பக்கத்தில் வையுங்கள், தொண்டை அடைத்தால் என்ன செய்வது என்று தெரிந்த ஒருவரை அருகே நிறுத்துங்கள். சாயந்திரம் வரை தின்னட்டும். கூடுதல் சாம்பாருக்கு நாங்கள் காசு வாங்குவதில்லை.