அனுமதியோடு வந்தவர்கள்

உடுவிலிற் படித்த எவரைக் கேட்டாலும் பாடசாலை தொடங்கிய ஆண்டு 1824 என்று நித்திரையிலும் சொல்வோம். சங்கத்தின் நூற்றாண்டு மலருக்காக அந்த 1824க்கு முன்னே நடந்தவற்றைத் தேடத் தொடங்கியபோது, நாம் வந்து நின்ற இடம் ஒரு போர். எங்கள் மண்ணில் நடந்த போரல்ல. அமெரிக்காவும் பிரித்தானியாவும் 1812இல் தொடங்கிய போர். அது நடந்திராவிட்டால் அமெரிக்க மிசன் யாழ்ப்பாணத்துக்கு வந்திருக்குமா என்பதே எமக்குச் சந்தேகம்.

அமெரிக்காவிலிருந்து புறப்பட்ட முதல் மிசனரிமார் 1812 யூன் மாதத்தில் கல்கத்தாவை அடைந்தார்கள். அதே மாதத்தில் அமெரிக்கா பிரித்தானியா மீது போர் அறிவித்தது. மிசனரிமாரைக் கண்டாலே முகம் சுளிக்கும் கிழக்கிந்தியக் கம்பனி, வந்தவர்களை உடனே வெளியேறச் சொல்லிவிட்டது. சாமுவேல் நியூவெலும் மனைவி ஹரியற் நியூவெலும் மொரிசியசுக்குக் கப்பலேறினார்கள். வழியிற் பிறந்த குழந்தை கடலிலேயே இறந்தது. தாயும் அந்த நவம்பரில் மொரிசியசில் இறந்தார். வயது 19. எமது உயர்தர வகுப்புப் பிள்ளையின் வயது.

தனித்துப்போன நியூவெல் 1813இல் இலங்கைக்கு வந்தார். இலங்கை கம்பனியின் கையில் இல்லை, முடியின் நேராட்சியில் இருந்தது. தேசாதிபதி றொபேட் பிறவுண்றிக் மிசனரிமாருக்கு அனுசரணையானவர். கம்பனி கதவடைத்த தமிழகத்தின் அதே மொழியைப் பேசும் மக்கள், ஒரு சிறு கடலுக்கு இப்பால், கதவு திறந்திருக்கும் ஆட்சியில் இருக்கிறார்கள் என்பதை நியூவெல் பொஸ்ரனுக்கு எழுதினார். சமாதானம் ஏற்பட்டதும் 1815 ஒக்டோபரில் ‘டிறையாட்’ என்ற கப்பல் நியூபெரிபோட் துறையை விட்டுப் புறப்பட்டு, 1816 மார்ச்சில் கொழும்பை அடைந்தது. அதில் வந்தவர்களுள் றிச்சட்ஸ், மெய்க்ஸ், வொறன், டானியல் பூவர் ஆகிய நால்வரும் இங்கே தங்கினார்கள்.

பிறவுண்றிக் அவர்களுக்குத் தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் பாழடைந்து கிடந்த பழைய தேவாலயங்களையும் வளவுகளையும் கொடுத்தார். போர்த்துக்கேயர் கத்தோலிக்க ஆலயமாக எழுப்பியவை அவை. ஒல்லாந்தர் வந்ததும் சீர்திருத்தச் சபைக்காகிப் பின்பு கைவிடப்பட்டவை. ஆட்சி மாறும்போதெல்லாம் அதே சுவருக்குள்ளே வேறொரு போதகர் வேறொரு மொழியில் ஜெபித்திருக்கிறார். மிசனரிமாரிடம் இவ்வளவு பரிவு காட்டிய அந்தத் தேசாதிபதிதான் 1815இல் கண்டியைப் பிடித்தவர். ஊவா, வெல்லசையில் எழுந்த கிளர்ச்சியை 1818இல் ஊர்களை எரித்தும் அடக்கியவர். எங்கள் தொடக்க காலக் கதைகளில் அவர் நல்ல மனிதராக மட்டுமே வருகிறார். மலையகச் சிங்களக் குடியானவர் வீட்டுக் கதைகளில் அப்படி வரமாட்டார்.

அடுத்து வந்தவர் எட்வேட் பார்ண்ஸ். ஆங்கில ஆட்சிக்குள் அமெரிக்கர் எதற்கு என்பது அவர் எண்ணம். 1820இல் அச்சாளராக வந்திறங்கிய ஜேம்ஸ் கறற்றைத் தங்க அனுமதியாமல் திருப்பி அனுப்பினார். அவர் பம்பாய்க்குப் போனார். புதிய அமெரிக்க மிசனரி எவரும் வரக்கூடாது என்ற தடை ஏறக்குறைய 1833 வரை நீடித்தது. வட்டுக்கோட்டைச் செமினறி 1823இலும் உடுவில் பெண்கள் விடுதிப் பாடசாலை 1824இலும் தொடங்கியவை. இரண்டுமே தடைக்காலத்துப் பிள்ளைகள்! வெளியிலிருந்து ஆள் வராது, நோய் இருப்பவர்களையும் ஒவ்வொருவராகக் கொண்டுபோகிறது என்ற நிலையில், உள்ளூரிலேயே போதகரையும் ஆசிரியரையும் உருவாக்கும் அவசரம் அவர்களுக்கு இருந்திருக்க வேண்டும். பார்ண்ஸ் துரை நினையாமலே செய்த உபகாரம் என்றுதான் இதைச் சொல்லத் தோன்றுகிறது.

பெண்களுக்கு ஏன் பாடசாலை என்ற கேள்விக்கு மிசனின் விடை ஒளிவுமறைவற்றது. செமினறியிற் படித்துக் கிறிஸ்தவராகும் இளைஞருக்குக் கிறிஸ்தவ மனைவிமார் வேண்டும். ஹரியற் வின்ஸ்லோ அம்மையார் பிள்ளை பிடிக்கப் பட்ட பாடு கொஞ்சமல்ல. பெண்பிள்ளை எழுத்துப் படித்தால் குடும்பத்துக்கு ஆகாது என்றிருந்த ஊர் இது. உணவும் உடையும் கொடுத்து, படிப்பை முடித்துக் கிறிஸ்தவரை மணக்கும் பெண்ணுக்குச் சிறு சீதனமும் மிசனே கொடுத்தது. சீதனத்தைக் கண்டித்துப் பிற்காலத்தில் எத்தனையோ பிரசங்கம் கேட்ட நமக்கு இது சிரிப்பைத் தரலாம். அமெரிக்காவில் பணம் அனுப்பிய நன்கொடையாளரின் பெயரையே பிள்ளைக்குச் சூட்டும் வழக்கமும் இருந்தது. நம்மிற் பலருடைய பூட்டிமாரின் பெயரில் எங்கோ நியூ இங்கிலாந்துச் சீமாட்டி ஒருவர் இன்னமும் குடியிருக்கிறார்.

சாதி விடயத்திலும் தொடக்கத்தில் விட்டுக்கொடுத்தார்கள். மிசன் வளவிற் சமைத்ததைப் பையன்கள் உண்ணமாட்டார்கள் என்பதால் சமையற் கொட்டிலை வெளியே, சைவர் காணியில் வைத்த கதையை அவர்களே எழுதி வைத்திருக்கிறார்கள். மண்ணை வெல்ல வந்தவர்களை மண் எவ்வளவு வென்றது என்பதற்கு இது ஓர் அளவுகோல்.

1837இல் அமெரிக்காவில் வங்கிகள் சரிந்தன. அதனால் யாழ்ப்பாணக் கிராமங்களிற் பல மிசன் பாடசாலைகள் மூடப்பட்டன. நியூயோர்க்கில் வங்கி மூடினால் சண்டிலிப்பாயில் அரிவரி வகுப்பு மூடும் என்ற உலகம் அப்போதே வந்துவிட்டது. அடுத்த அதிர்ச்சி 1855. பொஸ்ரனிலிருந்து வந்த தூதுக்குழு செமினறியை மூடும் முடிவைக் கொண்டுவந்தது. ஆங்கிலம் படித்த இளைஞர் ஊழியத்துக்கு வராமல் அரசாங்க உத்தியோகத்துக்கே போகிறார்கள் என்பது முக்கிய குறை. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளான சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறோல் விசுவநாதபிள்ளையும் அங்கே படித்தவர்களே. உடுவில் தப்பியது. காரணம் எளிது என்று நினைக்கிறோம்: பையன்களுக்குக் கச்சேரி இருந்தது, பெண்களுக்கு எந்தக் கச்சேரியும் கதவு திறக்கவில்லை. பேரரசுக்கு எம்மால் ஆக வேண்டியது எதுவும் இல்லாததால் எமது பாடசாலை பிழைத்தது.

அந்தப் பிழைப்பின் உருவம் எலைசா அக்னியூ அம்மையார். 1840இல் வந்தவர், 1879 வரை பாடசாலையை நடத்தினார். ஒருமுறையேனும் ஊர் திரும்பாமல் 1883இல் இங்கேயே மறைந்தார். ஆயிரம் பெண்களின் தாய் என்று அவரைச் சொல்வது வெறும் உபசாரமல்ல. ஆயிரத்துக்கு மேற்பட்டோர் அவரிடம் படித்தார்கள். இதற்கிடையில் சைவ மக்களும் சும்மா இருக்கவில்லை. மிசனிடமே படித்து, பேர்சிவல் பாதிரியாரின் வேதாகம மொழிபெயர்ப்புக்கு உழைத்த ஆறுமுக நாவலர் 1848இல் வண்ணார்பண்ணையிற் பாடசாலை தொடங்கினார். 1913இல் மருதனார்மடத்தில் இராமநாதன் மகளிர் கல்லூரி எழுந்தது. உடுவிலிலிருந்து நடந்துபோகும் தூரம். அந்தப் போட்டி இல்லாவிட்டால் குடாநாட்டுப் பெண்கல்வி இவ்வளவு பரவியிராது.

இனி எம்மை மிகவும் சிந்திக்க வைத்த காலத்துக்கு வருகிறோம். அனுமதி பெற்று வந்தவர்கள் அனுமதி தந்தவரைக் கேள்வி கேட்பதில்லை. மதுவிலக்கு, மருத்துவம், கல்வி என்று எத்தனையோ பொதுக்காரியங்களில் மிசன் முன்னின்றது. இந்த நாடு யாருடையது என்ற கேள்வியை மட்டும் அது எழுப்பவில்லை. எழுப்பியவர்கள் அதன் மாணவர்கள். 1924இல் யாழ்ப்பாணக் கல்லூரியைச் சேர்ந்த ஹண்டி பேரின்பநாயகமும் நண்பர்களும் தொடங்கிய மாணவர் காங்கிரஸ், பின்பு வாலிபர் காங்கிரசாகியது. சுயராச்சியம், தீண்டாமை ஒழிப்பு, தாய்மொழிக் கல்வி, இன ஒற்றுமை என்பன அதன் கொள்கைகள். அவர்கள் அழைப்பில் 1927 நவம்பரில் காந்தியடிகள் யாழ்ப்பாணம் வந்தார். உடுவில் மாணவியரிடமும் பேசினார். அமெரிக்கர் நடத்திய பாடசாலையில், ஆங்கிலேயர் சிறையிலிருந்து வந்த மனிதர்!

1931இல் டொனமூர் அரசியலமைப்பு வந்தது. 21 வயது நிரம்பிய ஆண், பெண் அனைவருக்கும் வாக்குரிமை. இங்கிலாந்துப் பெண்களுக்கே ஆண்களோடு சமமான வாக்குரிமை 1928இல்தான் கிடைத்தது. ஆனால் அந்த அரசியலமைப்பு முழுச் சுயராச்சியம் தரவில்லை என்று வாலிபர் காங்கிரஸ் தேர்தலைப் பகிஷ்கரிக்கக் கேட்டது. அவ்வாண்டு மாநாட்டில் பேசி உற்சாகமூட்டியவர் இந்தியாவிலிருந்து வந்த கமலாதேவி சட்டோபாத்யாய. யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, ஊர்காவற்றுறை, பருத்தித்துறை ஆகிய நான்கு தொகுதிகளிலும் ஒருவரும் நியமனப் பத்திரம் கொடுக்கவில்லை. 1934 வரை அந்த ஆசனங்கள் வெறுமையாயிருந்தன.

இந்தப் பகிஷ்கரிப்பைப் பற்றி வரலாற்றாசிரியர் நிறைய எழுதியிருக்கிறார்கள். இலட்சியம் என்பார் சிலர், தமிழர் அரசியலைப் பின்தள்ளிய பிழை என்பார் சிலர். எமக்குத் தைப்பது வேறொன்று. இலங்கைப் பெண்கள் முதன்முதல் வாக்களித்த தேர்தலில், நூறாண்டுக்கு மேலாக எழுத்தறிவூட்டப்பட்ட குடாநாட்டுப் பெண்கள் வாக்களிக்கவில்லை. அவர்களுள் உடுவிலும் வேம்படியும் சுண்டிக்குளியும் ஆக்கிய ஆசிரியைகள் எத்தனை பேர். சுயராச்சியத்தை அவர்களும் விரும்பியிருக்கலாம். பகிஷ்கரிப்பை மனதார ஏற்றும் இருக்கலாம். ஆனால் தீர்மானம் எடுத்த கூட்டங்களின் முன்னணியில் அவர்கள் இல்லை. காலனி ஆட்சி பெண்ணுக்குக் கொடுத்ததை, அந்த ஆட்சியை எதிர்த்த நல்ல ஆண்கள் அவளுக்காகத் திருப்பிக் கொடுத்தார்கள். பேரின்பநாயகத்தின் நேர்மையை மதித்துக்கொண்டே இதையும் சொல்ல வேண்டியிருக்கிறது.

1947இல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது அமெரிக்க மிசன் சபைகள் யாழ்ப்பாண ஆதீனமாயின. சபாபதி குலேந்திரன் முதற் பேராயரானார். அனுமதி கேட்கும் காலம் முடிந்தது என்று தோன்றியது. தெல்லிப்பழை மிசன் பாடசாலையில் இளமையிற் படித்த புரட்டஸ்தாந்துக் கிறிஸ்தவரான சா. ஜே. வே. செல்வநாயகத்தைச் சைவப் பெரும்பான்மை மக்கள் ‘தந்தை’ என்றழைத்தார்கள். 1961 சத்தியாக்கிரகத்தில் யாழ்ப்பாணக் கச்சேரி வாசலில் பெண்களும் திரளாக அமர்ந்தார்கள். முப்பது ஆண்டில் எவ்வளவு மாற்றம். அதே வேளையில் பாடசாலைகளை அரசு பொறுப்பேற்றது. வேம்படி அரச பாடசாலையாகியது, உடுவில் தனித்து நின்றது. தனித்து நின்றால் கட்டணம் அறவிடக்கூடாது என்பது விதி. அந்த ஆண்டுகளைத் தாண்டியது எப்படியென்று சங்கத்தின் மூத்தவர்கள் நன்கறிவார்கள்.

பின்வந்த போரை விரித்து எழுதவேண்டியதில்லை, வாசிப்பவர்களில் பாதிப்பேர் அதனாலேயே வெளிநாட்டில் இருக்கிறோம். மிசன் முதன்முதற் குடியேறிய தெல்லிப்பழை உயர் பாதுகாப்பு வலயமாகி நீண்டகாலம் ஆளற்றுக் கிடந்தது. 1990 ஒக்டோபர் 30இல் யாழ்ப்பாணத்து முஸ்லிம் மக்கள் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். சரியாக ஐந்து ஆண்டுகளின் பின் அதே நாளில் வலிகாமமே பெயர்ந்து செம்மணி வெளியால் நடந்தது. துப்பாக்கி வைத்திருந்த எல்லோரிடமும் பேசுவதற்கு அனுமதி வேண்டியிருந்த காலத்தில், அனுமதி கேளாமற் பேசியவர் ராஜினி திராணகம. கிறிஸ்தவக் குடும்பத்திற் பிறந்தவர், மருத்துவ பீடத்தில் உடற்கூற்றியற் துறைத் தலைவர். அரசையும் இந்திய இராணுவத்தையும் இயக்கங்களையும் ஒரே அளவுகோலால் அளந்த ‘முறிந்த பனை’ நூலை மூன்று சகாக்களோடு எழுதினார். 1989 செப்ரெம்பர் 21இல் வேலை முடிந்து சைக்கிளில் வீடு திரும்பும் வழியிற் சுடப்பட்டார்.

அமெரிக்க மிசனரிமார் பொஸ்ரனுக்கு எழுதிய கடிதங்கள் இன்று ஹாவாட் பல்கலைக்கழகத்தின் ஹூற்றன் நூலகத்திற் பத்திரமாக இருக்கின்றன. அவர்களிடம் படித்த பெண்கள் தமிழில் எழுதியவை அங்கே அதிகம் இராது. அவை இருந்தால் எமது வீடுகளிலேதான் இருக்கும்: ரொறன்ரோவில், இலண்டனில், மெல்பேணில், பூட்டியின் வேதப்புத்தகத்துக்குள்ளே. 1931 யூன் மாதத்தில் ஒரு யாழ்ப்பாணத்து ஆசிரியை தன் தமக்கைக்கு எழுதிய கடிதம் ஒன்று யாரிடமாவது இருக்குமானால், அதன் படப்பிரதியையாவது சங்கத்துக்கு அனுப்பி வையுங்கள்.