கிரேசி மோகன்

கிரேசி மோகன் (16 அக்டோபர் 1952 – 10 ஜூன் 2019) தமிழ் நாடகம், தொலைக்காட்சி, திரைப்படம் ஆகிய மூன்று துறைகளிலும் எழுதிய நகைச்சுவை எழுத்தாளர், நடிகர். இயற்பெயர் மோகன் ரங்காச்சாரி.

மேடை

கிண்டி பொறியியல் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் படித்த காலத்திலேயே நாடகம் எழுதத் தொடங்கினார். எஸ்.வி. சேகரின் குழுவுக்காக 1976இல் எழுதிய ‘கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ பெரும் வரவேற்பைப் பெற, நாடகத் தலைப்பின் முதல் சொல் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1979இல் ‘கிரேசி கிரியேஷன்ஸ்’ என்ற சொந்தக் குழுவைத் தொடங்கினார். தம்பி பாலாஜி அதன் முதன்மை நடிகர். மாது, சீனு என்ற பாத்திரங்கள் நாடகத்துக்கு நாடகம் தொடர்ந்தன. நாயகிக்குப் பெரும்பாலும் ஜானகி என்றே பெயர். அது தம்மை ஊக்குவித்த பள்ளி ஆசிரியையின் பெயர்.

திரையும் தொலைக்காட்சியும்

‘மேரேஜ் மேட் இன் சலூன்’ நாடகத்தை கே. பாலச்சந்தர் ‘பொய்க்கால் குதிரை’ (1983) என்று படமாக்கியபோது மோகன் திரைக்கு வந்தார். கமல்ஹாசனுடன் ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) தொடங்கி ‘அவ்வை சண்முகி’ (1996), ‘பஞ்சதந்திரம்’ (2002), ‘வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.’ (2004) வரை பல படங்களில் பணியாற்றினார். ரஜினிகாந்தின் ‘அருணாச்சலம்’ (1997) படத்துக்கும் வசனம் எழுதினார். ‘விடாது சிரிப்பு’, ‘மாது சீனு’ ஆகியவை அவருடைய தொலைக்காட்சித் தொடர்கள்.

எழுத்து முறை

ஒருவர் சொல்வதை மற்றவர் வேறாகப் புரிந்துகொள்வதும், அந்தக் குழப்பம் வாய்க்கு வாய் வளர்வதும் அவர் வசனத்தின் அடிப்படை. ஒரு சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்தது வந்துவிடும். வட்டார வழக்குகளும் இவர் எழுதிய படங்களில் வலுவாக இடம்பெற்றன: ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் பாலக்காட்டுத் தமிழ், ‘சதிலீலாவதி’யில் (1995) கொங்குத் தமிழ், ‘தெனாலி’யில் (2000) ஈழத் தமிழ். இவற்றுள் முதல் படத்தில் சமையல்காரர் காமேஸ்வரனின் கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிடுகிறது. சைவச் சமையலில் மீன் என்பது மானப் பிரச்சினை; அதை மறைக்க அவர் பதறிப் பதறிப் பேசுவதே நகைச்சுவையாகிறது. அந்தப் பேச்சு எங்கும் பாலக்காட்டு இழுவையை விட்டு விலகுவதில்லை.

நகைச்சுவைக்கு வெளியே ஏராளமான வெண்பாக்களும் எழுதினார், ஓவியமும் வரைந்தார். தமிழக அரசின் கலைமாமணி விருது பெற்றவர். மாரடைப்பால் சென்னையில் காலமானார். அவருக்குப் பின்னும் குழுவின் நாடகங்களைத் தம்பி மாது பாலாஜி மேடையேற்றி வருகிறார்.