நியோடிமியக் காந்தம் பிறந்த கதை

மின்சார ஸ்கூட்டர் என்றாலே ஓசூர்–கிருஷ்ணகிரி வட்டாரம் நினைவுக்கு வரும் காலம் இது. டி.வி.எஸ்., ஏத்தர் இரண்டும் ஓசூரில். ஓலா போச்சம்பள்ளிப் பக்கம். இத்தகைய வண்டிகளில் பெரும்பாலானவற்றின் மோட்டாருக்குள் இருப்பது ஓர் அருமண் (rare earth) காந்தம். இரண்டு நியோடிமியம் அணு, பதினான்கு இரும்பு அணு, ஒரு போரான் அணு என்ற கணக்கில் சேர்ந்த சேர்மம் அது. எடையில் நியோடிமியம் சுமார் 27 சதவீதம், போரான் ஒரே ஒரு சதவீதம், மற்றதெல்லாம் இரும்பு.

நியோடிமியம் என்ற அருமண் தனிமத்தை 1885இல் பிரித்துக் காட்டியவர் ஆஸ்திரிய வேதியியலாளர் கார்ல் ஆவர் வான் வெல்ஸ்பாக். காஸ் விளக்கில் ஒளிரும் வலையான மேன்டிலை உருவாக்கியவரும் அவர்தான். மேன்டிலுக்குத் தோரியம் வேண்டும்; தோரியத்துக்கு மோனசைட் மணல் வேண்டும். அந்த மணல் மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் கிடப்பதை 1909இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானியர் கண்டறிந்தார். அன்று அது திருவிதாங்கூர். இன்று கன்னியாகுமரி மாவட்டம். தோரியத்துக்காகவே நம் மணல் கப்பல் ஏறியது. அதே மணலில் இருந்த நியோடிமியத்துக்கு அன்று பெரிய வேலை ஏதும் இல்லை.

வேலைக்கு வழி பிறந்தது 1970களின் இறுதியில். அப்போது வலிமையில் முதலிடம் சமாரியம்–கோபால்ட் காந்தத்துக்கு. கோபால்ட்டோ விலை கூடியது. மலிவான இரும்பை அருமண்ணோடு சேர்த்தால், கொஞ்சம் சூடேறினாலே காந்தத்தன்மை போய்விடும். இரும்பு அணுக்கள் மிக நெருங்கி இருப்பதே காரணம் என்று 1978இல் ஜப்பானில் ஒரு கருத்தரங்கில் விளக்கம் சொன்னார்கள். அதைக் கேட்ட ஃபுஜிட்சு நிறுவன ஆய்வாளர் மசாடோ சகாவா, சிறிய அணுக்களான கார்பனையோ போரானையோ நுழைத்து இடைவெளியை விரித்தால் என்ன என்று யோசித்தார். ஃபுஜிட்சுவில் அந்த யோசனைக்கு இடம் கிடைக்கவில்லை. 1982இல் சுமிடோமோ ஸ்பெஷல் மெட்டல்ஸுக்கு மாறினார். மறு ஆண்டே புதிய காந்தத்தை அறிவித்தார். அதே வேளையில் அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸில் ஜான் குரோட், உருகிய கலவையைச் சுழலும் சக்கரத்தில் பாய்ச்சி நொடியில் குளிரவைத்து அதே சேர்மத்தை அடைந்தார்.

சகாவாவின் வழியில் இந்தக் காந்தத்தைச் செய்வது பொறுமையைக் கேட்கும் வேலை. உலோகங்களை உருக்கி மெல்லிய தகடாக வார்க்கிறார்கள். ஹைட்ரஜனை உறிஞ்சும் தகடு தானாகவே நொறுங்கும். அதை வாயுவின் வேகத்தில் மோதவிட்டுச் சில மைக்ரான் அளவுப் பொடியாக்க வேண்டும். காற்றுப் பட்டால் பொடி தீப்பிடிக்கும். வலுவான காந்தப் புலத்தில் வைத்து அழுத்தும்போது பொடியின் மணிகள் ஒரே திசையில் திரும்புகின்றன. பிறகு 1,000 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூளை. கடைசியாக, துருப்பிடிக்காமல் இருக்க நிக்கல் பூச்சு.

இந்தச் சேர்மத்தில் இரும்பு வலிமை தருகிறது. நியோடிமியம் அந்த வலிமையை ஒரே திசையில் பிடித்து நிறுத்துகிறது. போரான் படிகத்தைக் கட்டிக் கொடுக்கிறது. இதன் குறை, வெப்பத்தைத் தாங்காதது. சுமார் 312 டிகிரியில் காந்தத்தன்மை முற்றிலும் போகும். அதற்கு வெகு முன்பே பிடி தளரும். மோட்டாரின் சூட்டைத் தாங்கவே டிஸ்புரோசியம் என்ற இன்னோர் அருமண்ணைச் சிறிதளவு சேர்க்கிறார்கள். 2025 ஏப்ரலில் சீனா டிஸ்புரோசியத்துக்கும் அது கலந்த காந்தங்களுக்கும் ஏற்றுமதிக் கட்டுப்பாடு விதித்தபோது, நம் மின் வாகனத் தொழில் தடுமாறியது.

மணவாளக்குறிச்சியில் மோனசைட் பிரிக்கும் ஐ.ஆர்.இ.எல். நிறுவனம், கேரளத்தின் ஆலுவாவில் அருமண் ஆக்சைடுகளைச் சுத்திகரிக்கிறது. மணல் நம்மிடம், ஸ்கூட்டரும் நம்மிடம். இடையில் உள்ள படிகள்தான் பெரிய அளவில் இல்லை: ஆக்சைடை உலோகமாக்குவது, உலோகத்தைக் காந்தமாக்குவது. ஆண்டுக்கு 6,000 டன் காந்தம் தயாரிக்க வழிசெய்யும் 7,280 கோடி ரூபாய்த் திட்டத்துக்கு 2025 நவம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. பணத்தை விட அரிது, பொடியையும் சூளையையும் அறிந்த கைகள். நுண்பொறியியலில் பல பத்தாண்டுப் பழக்கமுள்ள ஓசூர் அதைக் கற்க ஏற்ற ஊர். கூடவே, தோரியத்தின் கதிர்வீச்சுக்கு அஞ்சி மணல் அகழ்வை எதிர்க்கும் குமரிக் கடலோர மக்களுக்கு நேர்மையான பதில் சொல்லியாக வேண்டும். கைத்திறனும் அந்தப் பதிலும் இல்லாமல் இந்தக் காந்தம் நம்முடையதாகாது.