முதல் பக்கத்தில் குற்றச்சாட்டு, பத்தாம் பக்கத்தில் திருத்தம்

போர்க்காலப் பத்திரிகைகள் கட்டுக்கதை எழுதுகின்றன என்று நம்மில் பலர் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். பெரும்பாலும் அதற்குத் தேவையே இருப்பதில்லை. அதிகாரிகள் சொன்னதை விசாரிக்காமல் அச்சிட்டாலே போதும். ஈராக் போருக்கு முன் நடந்ததை நாம் இங்கே எடுத்துக்கொள்வோம்.

2002 செப்டம்பர் 8, ஞாயிற்றுக்கிழமை. அணுகுண்டுத் தயாரிப்புக்காக ஈராக் ஆயிரக்கணக்கான அலுமினியக் குழாய்களை வாங்க முயன்றதாக நியூயார்க் டைம்ஸ் முதல் பக்கத்தில் செய்தி வெளியிட்டது. சொன்னவர்கள், பெயர் குறிப்பிடப்படாத அமெரிக்க அதிகாரிகள். அன்றே துணை அதிபர் டிக் செனி என்பிசி தொலைக்காட்சியில் அந்தச் செய்தியைச் சுட்டிக்காட்டிப் பேசினார். அதாவது, அரசுத் தரப்பு பத்திரிகைக்குக் கொடுத்தது. பத்திரிகையில் வந்ததை அரசே ஆதாரமாகக் காட்டியது. மக்களுக்கோ இரண்டு தனித்தனி சாட்சிகள் பேசுவதாகத் தோன்றியது. (ஹதீஸ் கலையின் ஆரம்ப மாணவர்கூட அறிவிப்பாளர் தொடரைப் பார்த்து, இரண்டும் ஒரே இடத்தில் போய் முடிகிறதே என்று கேட்டிருப்பார்.)

அவை சாதாரண ராக்கெட்டுகளுக்கான குழாய்கள் என்றே அமெரிக்க எரிசக்தித் துறை நிபுணர்கள் கருதினர். நைட் ரிடர் நிறுவனத்தின் ஜொனாதன் லாண்டே, வாரன் ஸ்ட்ரோபெல் ஆகிய நிருபர்கள், அமைச்சர்களை விட்டுவிட்டு நடுத்தர நிலை அதிகாரிகளிடம் விசாரித்து, அரசின் வாதத்தைச் சந்தேகித்து எழுதினார்கள். ஆனால் அந்நிறுவனத்துக்கு வாஷிங்டனிலோ நியூயார்க்கிலோ நாளிதழ் கிடையாது. உண்மை அச்சாகத்தான் செய்தது. அதிகாரம் உள்ளவர்கள் படிக்கும் இடத்தில் அச்சாகவில்லை.

2003 மார்ச் 7 அன்று சர்வதேச அணுசக்தி முகமையின் தலைவர் முஹம்மது அல்பராதியும் ஐ.நா. பாதுகாப்புச் சபையில் குழாய்க் குற்றச்சாட்டை ஏற்க மறுத்தார். இரண்டு வாரத்துக்குள் பாக்தாத்தில் குண்டுகள் விழுந்தன.

அதே ஆண்டு ஆகஸ்டில் வாஷிங்டன் போஸ்ட் கருத்துக் கணிப்பு நடத்தியது. செப்டம்பர் 11 தாக்குதலில் சதாம் உசேனுக்குத் தொடர்பு இருக்கலாம் என்று 69 சதவீத அமெரிக்கர்கள் நம்பினார்கள். அதற்கு ஆதாரம் இல்லை என்று அதிபர் புஷ்ஷே செப்டம்பரில் சொல்ல வேண்டியதாயிற்று.

பேரழிவு ஆயுதங்கள் கிடைக்கவே இல்லை. 2004 மே 26 அன்று நியூயார்க் டைம்ஸ், தன் ஈராக் செய்திகள் சில போதிய கண்டிப்போடு சோதிக்கப்படவில்லை என்று ஒப்புக்கொண்டது. அதற்குள் ஆயிரக்கணக்கான ஈராக்கியர்கள் இறந்திருந்தார்கள். அந்தக் குறிப்பு வந்தது உள்ளே, 10ஆம் பக்கத்தில். எந்த நிருபரின் பெயரையும் அது குறை சொல்லவில்லை.