குசினியில் தங்கிய வரலாறு: மட்டக்களப்பும் இறைச்சி அடைத்த மிளகாயும்

குடைமிளகாயின் விதையை அகற்றி, அரிசியும் கொத்திய இறைச்சியும் அடைத்துப் போறணையில் வேகவைக்கும் உணவை நம்மவர் பலரும் அந்நியச் சமையல் என்றே கருதுவர். துருக்கியரின் ‘டொல்மா’, அங்கேரியரின் அடைத்த மிளகாய் என்பன இதன் நெருங்கிய உறவுகள். ‘டொல்மா’ என்னும் சொல்லுக்கே ‘நிரப்பப்பட்டது’ என்பதுதான் பொருள். ஆயினும் இவ்வுணவு மட்டக்களப்பு வாவிக்கரையின் ஒரு வீட்டிற் சமைக்கப்படும்போது அங்கு வழங்கும் சொற்களைச் சற்றே செவிமடுத்தால், இது முற்றிலும் அந்நியமானதன்று என்பது புலனாகும்.

சமையல் நடைபெறும் இடம் குசினி. வேகவைக்கும் கருவி போறணை. அரிசியை அளப்பது கோப்பையால். இறைச்சியில் விடுவது வினாகிரி. உறைப்புக்குச் சேர்ப்பது கொச்சிக்காய்த்தூள். இவற்றுள் முதல் நான்கும் போர்த்துக்கேயச் சொற்களின் தமிழ் வடிவங்கள். ‘கொசீஞா’ குசினியாயிற்று, ‘ஃபோர்னோ’ போறணையாயிற்று, ‘கோப்போ’ கோப்பையாயிற்று, ‘வினாக்ரே’ வினாகிரியாயிற்று. ஐந்தாவது சொல்லின் கதை இன்னும் சுவையானது.

மிளகாய் நம் மண்ணின் பயிரன்று. அதன் தாயகம் அமெரிக்கக் கண்டம். 1492இற் புறப்பட்ட கொலம்பசின் கடற்பயணத்திற்குப் பின்னரே அது ஐரோப்பாவை அடைந்தது. அதற்கு முன்னர் தமிழர் உணவில் உறைப்பைத் தந்தது மிளகுதான். புதிய காய் வந்து சேர்ந்தபோது, மிளகைப் போல் உறைக்கும் காய் என்ற பொருளில் ‘மிளகாய்’ என்று பெயரிட்டனர். கிழக்கிலங்கைத் தமிழரும் முஸ்லிம்களும் அதனைக் ‘கொச்சிக்காய்’ என்றும் அழைத்தனர். சிங்களத்திலும் ஒருவகை மிளகாய்க்குக் ‘கொச்சி’ என்ற பெயர் உண்டு. போர்த்துக்கேயர் 1500ஆம் ஆண்டிலேயே கொச்சித் துறைமுகத்திற்கு வந்துவிட்டனர். இலங்கையை அடைந்தது 1505இல். அமெரிக்கக் காய் ஒன்று மலையாளக் கரைத் துறைமுகத்தின் பெயரைச் சூடிக்கொண்டு நம் அம்மியில் அரைபட்ட வரலாறு அந்த ஒரு சொல்லுக்குள் அடங்கியிருக்கிறது.

வாவியின் வரலாறும் இதனோடு பிணைந்ததே. 1602இல் ஒல்லாந்தக் கடலோடி யோரிஸ் வான் ஸ்பில்பேர்கன் மட்டக்களப்பில் வந்திறங்கிக் கண்டி மன்னனைக் காணச் சென்றார். 1628இல் போர்த்துக்கேயர் புளியந்தீவிற் கோட்டை கட்டினர். பத்தே ஆண்டுகளில், 1638 மே மாதத்தில், இரண்டாம் இராசசிங்கனின் துணையோடு ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றினர். 1795இல் அது ஆங்கிலேயர் வசமாயிற்று. கோட்டையின் கொடிகள் மாறின. குசினியின் சொற்கள் மாறவில்லை. ஒல்லாந்தரும் தம் பங்குக்கு ‘போஞ்சி’, ‘கந்தோர்’ போன்ற சொற்களை விட்டுச் சென்றனர் என்பது வேறு செய்தி.

சொற்களோடு செய்முறைகளும் வந்தன. சோற்றையும் இறைச்சிக் கறியையும் வாழையிலையிற் பொதிந்து போறணையிற் சுடும் ‘லம்ப்ரைஸ்’ இலங்கைப் பறங்கியர் சமையலின் புகழ்பெற்ற படைப்பு. சோறும் இறைச்சியும் ஒரே உறைக்குள் அடங்கி, உலர்ந்த சூட்டில் மணம் கலக்கும் முறையை இந்நாடு நெடுங்காலமாக அறிந்திருந்தது என்பதற்கு அது சான்று. மறுபுறத்தில், நீண்ட கறிமிளகாயைக் கீறி, மீனோ உருளைக்கிழங்கோ அடைத்துப் பொரிப்பதும் நம் வீடுகளில் வழக்கமானதே. லம்ப்ரைசின் போறணைச் சூட்டையும் கறிமிளகாயின் அடைப்பையும் சேர்த்துப் பார்த்தால், நாம் பேசும் உணவு நெருங்கி வந்துவிடுகிறது.

இனிச் செய்முறை. இலங்கைச் சந்தையிற் ‘கப்சிக்கம்’ என்று கேட்டால் நீண்ட கறிமிளகாயையே தருவர். உருண்டையான குடைமிளகாய் வேண்டுமெனில் ‘பெல் பெப்பர்’ என்று கேட்டல் வேண்டும். நான்கு பெரிய காய்களுக்குக் கால் கிலோ கொத்திறைச்சியும் நூறு கிராம் அரிசியும் போதும். மாடு, ஆடு, கோழி என்பது அவரவர் வழக்கம். அரிசியை முக்கால் வேக்காட்டில் வடித்துவிட வேண்டும். எஞ்சிய வேக்காட்டை இறைச்சியின் சாறு பார்த்துக்கொள்ளும். முழுதும் வெந்த சோறெனில் காய்க்குள் களியாகிவிடும். படுவான்கரை வயல்களின் சிவப்பரிசியாயின் வேகக் கூடுதல் நேரம் பிடிக்கும். வெங்காயம், உள்ளி, இஞ்சி, கறுவா, கொச்சிக்காய்த்தூள் ஆகியவற்றுடன் இறைச்சியை வதக்கி, அரிசியைக் கலந்து, காயின் விளிம்புக்குச் சற்றுக் கீழே நிற்குமாறு அடைக்க வேண்டும். இறுக்கி அடைத்தால் அரிசி பொருமிக் காய் பிளக்கும். தட்டில் வாட்டிய வாழையிலையை விரித்து, காய்களை நிறுத்தி, அரைக் கோப்பைத் தண்ணீரோ முதற்பாலோ ஊற்றி மூடி, 180 பாகை செல்சியஸ் சூட்டில் ஏறத்தாழ முக்கால் மணிநேரம் வைக்கலாம். அடியிலுள்ள நீரின் ஆவி காயின் தோல் கருகாது காக்கும். போறணை இல்லாத வீட்டில், கனத்த சட்டியின் கீழும் மூடியின் மேலும் தணல் இட்டுக் கேக் சுட்ட பழைய முறையே கைகொடுக்கும்.

இங்கே ஒன்றை எண்ணிப் பார்த்தல் தகும். இச்சொற்களை நமக்குத் தந்தோரின் வழித்தோன்றல்களான போர்த்துக்கேயப் பறங்கியர் இன்றும் மட்டக்களப்பில் வாழ்கின்றனர். தச்சு, கொல்லு, தையல் முதலிய தொழில்களிற் பெயர்பெற்ற சிறிய சமூகம் அது. அவர்களின் போர்த்துக்கேயக் கிரியோல் மொழி மட்டக்களப்பிலும் திருகோணமலையிலும் உயிர்வாழ்கிறது. ஆயினும் இளையோரின் அன்றாடப் பேச்சு தமிழே. புலம்பெயர்ந்தோர் பலர். 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை, பறங்கியர் குடும்பங்கள் பல வாழ்ந்த டச்பார் பகுதியைச் சூறையாடியது. லிஸ்பன் பல்கலைக்கழகத்து மொழியியலாளர் ஹ்யூகோ கார்டோசோ போன்றோர் அம்மொழியை ஒலிப்பதிவும் ஒளிப்பதிவும் செய்து ஆவணக் காப்பகத்திற் சேர்த்துள்ளமை ஆறுதல் அளிப்பது.

மொழியைப் பதிவு செய்ய அறிஞர் வந்தனர். குசினியைப் பதிவு செய்ய யார் வருவர்? 1978 நவம்பர் 23ஆம் நாட் சூறாவளியிலும், நீண்ட போரிலும், பின்னர் ஆழிப்பேரலையிலும் வீடிழந்தோர் தம் தாய்மார் கையால் எழுதிய சமையற் குறிப்பேடுகளையும் இழந்தனர். அரச ஆவணங்களுக்குப் படிகள் உண்டு, அக்குறிப்பேடுகளுக்கு இல்லை. தமிழர், முஸ்லிம்கள், பறங்கியர் என்ற மூன்று சமூகத்து வீடுகளிலும் எஞ்சியுள்ள குறிப்பேடுகளை, முதியோர் நம்மிடையே இருக்கும்போதே படியெடுத்து வைத்தல் வேண்டும். எந்தப் பண்டத்திற்கு எந்தச் சொல், எந்த விழாவுக்கு எந்தப் பலகாரம், யார் வீட்டிலிருந்து யார் கற்றார் என்பனவற்றையும் சேர்த்தே எழுதிவைக்க வேண்டும். இந்த வேலைக்குப் பல்கலைக்கழகப் பட்டம் தேவையில்லை. ஒரு கொப்பியும் பேனாவும் பொறுமையும் இருந்தாற் போதும்.