ஏவியான் பேச்சுவார்த்தையும் எல் பியார் ஆசிரியர்களும்

அல்ஜீரிய விடுதலைப் போரை எழுதுவோர் போர்க்களத்தை விரித்துரைத்து, 1962 மார்ச் 18இல் கையெழுத்தான ஏவியான் உடன்படிக்கையை ஓரிரு வரிகளில் கடந்துவிடுகின்றனர். அதனை முறிப்பதற்கென்றே சிந்தப்பட்ட இரத்தத்தை நாம் தனியே நோக்குதல் வேண்டும்.

அல்ஜீரியா பிரெஞ்சு மண்ணாகவே நீடிக்க வேண்டுமென்ற குடியேறிகளும் படையதிகாரிகள் சிலரும் 1961 தொடக்கத்தில் ஓ.ஏ.எஸ். என்னும் இரகசிய இராணுவ அமைப்பைத் தோற்றுவித்தனர். பேச்சுவார்த்தைக்கு ஏவியான் நகரம் தேர்ந்தெடுக்கப்பட்டதும், மார்ச் 31இல் அதன் மேயர் கமீல் பிளான் குண்டுவைத்துக் கொல்லப்பட்டார். எனினும் மே 20இல் பேச்சு தொடங்கிற்று. ஜூனில் அது தடைபட்டதற்கு முதற் காரணம் குண்டன்று, ஸஹாரா. எண்ணெய் கிடைத்த பாலையை விட்டுத்தரப் பிரான்ஸுக்கு அப்போது மனமில்லை!

1962 மார்ச் 7இல் ஏவியானில் இரு தரப்பாரும் மீண்டும் அமர்ந்தனர். நோன்புப் பெருநாள் கழிந்து ஏறத்தாழ ஒரு வாரம். மார்ச் 15 அன்று அல்ஜியர்ஸின் எல் பியார் பகுதியில் கூடியிருந்த சமூகக் கல்வி மையங்களின் அலுவலர் அறுவரை ஓ.ஏ.எஸ். கொலையாளிகள் பெயர் சொல்லி வெளியே அழைத்துச் சுட்டுக் கொன்றனர். மூவர் அல்ஜீரியர், மூவர் பிரெஞ்சுக்காரர். ஏழை முஸ்லிம்களுக்கு எழுத்தறிவும் நலவாழ்வும் கற்பிக்க, இரு சமூகத்தாரும் தோளோடு தோள் நின்று உழைத்த நிறுவனம் அது. இரு சமூகமும் சேர்ந்து வாழ இயலாது என்போருக்கு அதுவே கண்ணில் முள். மாண்டவருள் கபீலிய நாவலாசிரியர் முலூத் ஃபிராவூனும் ஒருவர். இரு தரப்புக் கொடுமைகளையும் ஒளிக்காது பதிந்த அவரது நாட்குறிப்பு மார்ச் 14ஆம் நாளோடு நின்றுவிட்டது.

பேச்சுவார்த்தை நிற்கவில்லை. மூன்றாம் நாள் கிரீம் பில்காஸிம் உடன்படிக்கையில் கையொப்பமிட்டார். மறுநாள் நண்பகலில் போர்நிறுத்தம் நடப்புக்கு வந்தது. ஓ.ஏ.எஸ். அடங்கவில்லை. மே 2இல் அல்ஜியர்ஸ் துறைமுகத்தில் வேலைக்காகக் காத்திருந்த கூலித் தொழிலாளர் அறுபதுக்கும் மேற்பட்டோர் அதன் குண்டுக்கு இரையாயினர்; ஜூன் 7இல் பல்கலைக்கழக நூலகம் எரிந்தது.

உடன்படிக்கையோ ஐரோப்பியருக்கு மூன்றாண்டுக் காலம் அல்ஜீரியக் குடியுரிமையின் பயன்களை அளித்து, பின்னர் தாமே தேர்ந்துகொள்ளவும் இடமளித்திருந்தது. அந்தப் பாதுகாப்பை வெற்றெழுத்தாக்கியதில் பெரும்பங்கு அவர்களுடைய காவலர் எனச் சொல்லிக்கொண்டோருக்கே உரியது என்பது நம் கருத்து. எனினும் பழிவாங்கல் இராது என்ற வாக்குறுதியை மீறி ஹர்கிகள் கொல்லப்பட்டதையும், ஜூலை 5இல் வஹ்ரான் நகரில் ஐரோப்பியர் வேட்டையாடப்பட்டதையும் நம்மவர் செயல் என்பதற்காக மறைத்தல் முறையன்று.

ஜூன் 17இல் அல்ஜியர்ஸின் ஓ.ஏ.எஸ். தலைமையே விடுதலை முன்னணியோடு பேசி உடன்பாடு கண்டது. அதற்குள் மூட்டை முடிச்சுகளோடு ஐரோப்பியக் குடும்பங்கள் கப்பலேறிக்கொண்டிருந்தன.