முப்பத்து மூன்று வருஷக் கோயில்

விளாத்திகுளத்தில் எங்கள் வீட்டு நடுச்சுவரில் ஒரு விரிசல் இருக்கிறது. அதன் பக்கத்தில் அப்பா பென்சிலால் தேதி போட்டு வைத்திருப்பார். கோடையில் விரல் நுழையும் அளவுக்கு விரியும். ஐப்பசி மழை பெய்து மண் ஊறியதும் கிட்டத்தட்ட மூடிக்கொள்ளும். கரிசல் மண் தண்ணீரைக் குடித்தால் உப்பும், காய்ந்தால் சுருங்கும். அதன் மேல் நிற்கும் சுவரும் கூடவே ஏறி இறங்கும். "இந்த மண்ணுல வீடு கட்டுறது எருமை முதுகுல கட்டுற மாதிரி. அது எந்திரிச்சா நீயும் எந்திரிக்கணும்" என்பார் அப்பா.

பொறியியல் படித்துவிட்டு மென்பொருள் எழுதப் போனவன் நான். கட்டிடங்கள் மேல் எனக்கு இருக்கும் ஆர்வம் முழுக்க அந்த விரிசலிலிருந்து வந்ததுதான். ஒரு கட்டிடம் நிற்கிறது என்றால் யார் யாரோ எதை எதையோ சரியாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள் என்று அர்த்தம். போன கோடையில் இடையன்குடிக்குப் போனது அதைப் பார்க்கத்தான்.

எங்கள் பக்கத்துக் கரிசலுக்கு நேர் எதிரான நிலம் அது. தூத்துக்குடி, திருச்செந்தூர் தாண்டித் தெற்கே போகப் போக மண் சிவந்துகொண்டே வரும். தேரி என்பார்கள். காற்றில் நகரும் செம்மணல், நடுவே பனைகள். அந்த வறண்ட நிலத்தில் ஒரு சின்ன ஊர், நேர் நேரான தெருக்கள், நடுவில் கூர்மையான வளைவுகளோடு ஒரு ஆங்கிலிக்கன் கோயில். முதல் பார்வைக்கு, இங்கிலாந்து கிராமம் ஒன்றிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்து வைத்தது போலத்தான் இருக்கிறது. பரிசுத்த திரித்துவ ஆலயம்.

இதைக் கட்டியவர் ராபர்ட் கால்டுவெல். 'திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம்' எழுதிய அதே கால்டுவெல். 1838இல் சென்னை வந்து இறங்கிய அயர்லாந்துப் பிறப்பாளர். 1841இன் கடைசியில் இடையன்குடிக்கு வந்தபோது அவருக்கு வயது இருபத்தேழு. தெருக்களை நேராக்கினார், கிணறு வெட்டினார், மரம் நட்டார், பள்ளிக்கூடம் வைத்தார். 1844இல் அவரை மணந்து வந்த எலைசா பெண்களுக்குப் படிப்பும் லேஸ் பின்னலும் சொல்லிக்கொடுத்தார். 1847இல் கோயில் வேலை ஆரம்பமானது. பிரதிஷ்டை நடந்தது 1880 ஜூலை 6இல்.

எண்ணிப் பாருங்கள், முப்பத்து மூன்று வருஷம். நான் வேலை பார்க்கும் துறையில் மூன்று மாதம் தள்ளிப்போனாலே ஆளை மாற்றிவிடுவார்கள். இங்கே அடித்தளம் போட்ட காலத்துக் குழந்தைகள், பிரதிஷ்டையன்று தங்கள் பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு வந்திருப்பார்கள். இடையில் கால்டுவெல் உடல்நலம் கெட்டு இங்கிலாந்து போனார். 1856இல் ஒப்பிலக்கணம் அச்சானது. 1876இல் தாது வருஷப் பஞ்சம் வந்தது. செம்மண், கரிசல் என்று பார்க்காமல் எல்லாவற்றையும் பொசுக்கிய பஞ்சம். அதன் கடைசியில் திருநெல்வேலிச் சீமையில் ஆயிரக்கணக்கானவர்கள் சபைகளில் சேர்ந்தார்கள். 1877இல் அவர் பிஷப் ஆனார். இத்தனைக்கும் நடுவே சுவர் கொஞ்சம் கொஞ்சமாக ஏறிக்கொண்டிருந்தது.

உள்ளே போய் நின்றால் கண் முதலில் ஜன்னல்களுக்குத்தான் போகிறது. கோதிக் பாணி. அரைவட்ட வளைவில் ஒரு சிக்கல் உண்டு. அகலம் எவ்வளவோ அதில் பாதிதான் உயரம், கூட்டவோ குறைக்கவோ முடியாது. மேலே இருக்கும் பாரம் வளைவின் கால்களைப் பக்கவாட்டில் பலமாகத் தள்ளவும் செய்யும். கூர்வளைவு இரண்டு மையங்களிலிருந்து வரையப்பட்ட இரண்டு வில்கள், உச்சியில் முட்டிக்கொள்கின்றன. வேண்டிய உயரத்துக்கு இழுக்கலாம். பாரம் கூடுதலாகக் கீழ்நோக்கி இறங்கும், பக்கத் தள்ளல் குறையும். மீதித் தள்ளலை வெளியே உதைசுவர் தாங்கிக்கொள்ளும்.

நம் ஊர்க் கோயில் கட்டுமானத்தின் அடிப்படை வேறு. தூண் நிறுத்தி அதன் மேல் உத்தரம் வைப்பது. நெல்லையப்பர் கோயில் மண்டபங்கள் அப்படித்தான் நிற்கின்றன. மதுரை நாயக்கர் மகாலில் வளைவு இருக்கிறதே என்றால், இருக்கிறது. ஆனால் தேரிக்காட்டில் வீடு கட்டிப் பழகிய கொத்தனாரிடம் ஒரு தாளை விரித்து, இந்தக் கோடுகளைக் கல்லில் எழுப்பு என்றால் அவர் என்ன செய்வார்?

புரியவில்லை என்றிருக்கிறார்கள். அதனால் கால்டுவெல் களிமண்ணைப் பிசைந்து ஜன்னலின் மாதிரியைத் தானே செய்து காட்டினார். இடையன்குடியைப் பற்றிப் பேசுகிறவர்கள் யாரும் இந்தக் கதையை விடுவதில்லை. கோயிலைத் திறந்துவிட்ட பெரியவரும் ஜன்னலைக் காட்டி அதைத்தான் முதலில் சொன்னார்: "ஐயர் மண்ணுல செஞ்சு குடுத்தாரு தம்பி. நம்மாளுக அதப் பாத்து கல்லுல செஞ்சுட்டாங்க."

வழக்கமாக இந்தக் கதை கால்டுவெல்லின் பொறுமைக்குச் சாட்சியாகச் சொல்லப்படுகிறது. எனக்கு அந்தப் பெரியவரின் இரண்டாவது வாக்கியம்தான் மனதில் தங்கியது. களிமண்ணில் ஒரு வடிவத்தைக் காட்டுவது பாதி வேலை. அதைப் பார்த்து, எந்தக் கல்லை எந்தக் கோணத்தில் செதுக்கினால் வளைவு விழாமல் நிற்கும், உச்சிக்கல் வைக்கும்வரை எதைக்கொண்டு முட்டுக் கொடுப்பது என்று கண்டுபிடிப்பது மீதிப் பாதி. அந்தப் பாதியைக் களிமண் சொல்லித்தராது.

இங்கேதான் எனக்கு ஒரு நெருடல். 1849இல், அடித்தளம் போட்டு இரண்டே வருஷத்தில், கால்டுவெல் ஆங்கிலத்தில் ஒரு சிறு நூல் வெளியிட்டார். பெயர் 'திருநெல்வேலிச் சாணார்கள்'. இன்று நாடார் என்று அறியப்படும் மக்களைப் பற்றியது. அவருடைய சபையில் இருந்தவர்கள் பெரும்பாலும் அவர்கள்தான். அந்த நூல் அவர்களைப் புத்தி மந்தமானவர்களாக, இலங்கையிலிருந்து வந்து குடியேறியவர்களாக எழுதியது. வெளிநாட்டு வாசகர்களுக்காக எழுதப்பட்டது உள்ளூரில் வாசிக்கப்பட்டபோது புண்பட்டார்கள். 1857இல் நாசரேத் பக்கம் சட்டாம்பிள்ளை என்கிற அருமைநாயகம் மிஷனரிகளிடமிருந்து பிரிந்து இந்து கிறிஸ்தவ சபையைத் தொடங்கினார். அந்தக் கோபத்துக்குப் பல காரணங்கள், இந்த நூலும் ஒன்று. எதிர்ப்பு வளர்ந்து பின்னாளில் நூல் புழக்கத்திலிருந்தே விலக்கப்பட்டது.

தமிழ் சமஸ்கிருதத்தின் துணையில்லாமல் தனித்து இயங்கக்கூடியது என்று உலகத்துக்கு வாதிட்டுச் சொன்னவரும் அவர்தான். அந்தத் தமிழைப் பேசியவர்களுக்குப் புத்தி போதாது என்று எழுதியவரும் அவர்தான். இரண்டில் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு அவரைக் கும்பிடவோ திட்டவோ எனக்கு முடியவில்லை. ஒன்று மட்டும் தெரிகிறது. அந்த நூலுக்கான பதிலை எழுத்தில் தந்தவர்கள் உண்டு, சபையைப் பிரித்துத் தந்தவர்கள் உண்டு. இன்னொரு பதில் இந்த ஜன்னல்கள். தாளில் வரைந்தது புரியாத, ஆனால் மண்ணில் பார்த்ததைக் கல்லில் நிறுத்தத் தெரிந்த கைகளின் பதில். புத்தகம் புழக்கத்தில் இல்லாமல் போனது. ஜன்னல்கள் நிற்கின்றன.

கோயில் முடிந்த பிறகு கால்டுவெல் அங்கே அதிக நாள் இல்லை. 1883இல் தூத்துக்குடிக்குப் போனார். 1891 ஆகஸ்ட் 28இல் கொடைக்கானலில் இறந்தார். உடலை மலையிலிருந்து இறக்கி, அத்தனை தூரம் கொண்டுவந்து, அவர் கட்டிய கோயிலின் பீடத்துக்கு அடியிலேயே அடக்கம் செய்தார்கள். 1968இல் சென்னைக் கடற்கரையில் அவருக்குச் சிலை வைத்தார்கள். இடையன்குடியில் அவர் வாழ்ந்த வீடு அரசு நினைவில்லமாகியிருக்கிறது.

கிளம்பும்போது பெரியவரிடம், "அந்தக் கொத்தனாருங்க பேரு ஏதாவது தெரியுமாய்யா?" என்று கேட்டேன். சிரித்தார். "எங்க தாத்தாவுக்குத் தாத்தா காலம். எல்லாரும் இந்த மண்ணுலதான இருப்பாங்க" என்றார்.

திரும்பி வரும் வழியெல்லாம் அந்தப் பெயர்களை எழுதி வைக்காதவர்கள் மேல் ஒரு கோபம் இருந்தது. முப்பத்து மூன்று வருஷத்தில் ஒரு நாள், ஒரு வரி எழுத நேரமில்லாமலா போயிருக்கும்? ராத்திரி வீட்டுக்கு வந்து, சாப்பிட்டுவிட்டு, நடுச்சுவரில் சாய்ந்து உட்கார்ந்தேன். சித்திரை மாசம், விரிசல் நன்றாகத் திறந்திருந்தது. பக்கத்தில் அப்பாவின் பென்சில் தேதிகள், முப்பது வருஷத்துக்கு.

"அப்பா, நம்ம வீட்டக் கட்டுனது யாரு?"

அவர் கொஞ்ச நேரம் யோசித்தார். "புதூர்க் கொத்தனாரு. நல்ல வேலக்காரரு. இந்த மண்ணுல இவ்வளவு நாளு வீடு நிக்குதுன்னா அவருதான் காரணம்."

"பேரு?"

"பேரு..." என்று இழுத்தார். அம்மாவைப் பார்த்தார். அம்மாவுக்கும் தெரியவில்லை. "புதூர்க் கொத்தனாருன்னுதானய்யா கூப்பிடுவோம்."